உறைபனி உபாத்தியாயர்

யாழ்ப்பாணக் குடாநாட்டில், கனடாவிலுள்ள பிள்ளைகளிடம் போய்ச் சிலகாலம் தங்கித் திரும்பிய முதியோர் என்றொரு வர்க்கம் உண்டு. இவர்களுள் பெரும்பாலோரை இனங்காண்பது சிரமமன்று. தாம் பிறந்து வளர்ந்த ஊரின் வெயிலை முதன்முதலாகக் கண்டவர்போல முகஞ்சுளிப்பவர் ஒருவர். நெல்லியடிச் சந்தையில் கத்தரிக்காய் வாங்கும்போதும் டொலரில் கணக்குப் பார்த்துப் பெருமூச்செறிபவர் ஒருவர். அங்கே மனிதர் வீதியைக் கடக்க வாகனங்கள் காத்து நிற்கும் என்னும் அதிசயத்தைச் செத்தவீட்டுப் பந்தலிலும் சொல்லத் தவறாதவர் இன்னொருவர். இவர்களால் ஊருக்குப் பெரிய உபத்திரவம் இல்லை. இரண்டொரு மாதத்தில் தெளிந்துவிடுவார்கள். தெளியாத இனம் ஒன்றுண்டு. அது அபூர்வமானது. அதன் பூரண லட்சணங்களும் அமைந்த ஒருவர், தண்ணீர் உறைவதென்றால் மீன் பெட்டிக்குள்ளும் ஐஸ்பழ வானுக்குள்ளும் மட்டுமே உறையக்கூடிய உடுப்பிட்டியில், ஐஸ் ஹொக்கி என்னும் விளையாட்டைப் பற்றிய நூல்களைக் கற்றுத் துறைபோகிய பண்டிதராக வாழ்ந்து வருகிறார்.

இளைப்பாறிய கணித ஆசிரியர். ஆகையால் ஊராருக்கு மாஸ்டர். புறங்கூறுவோர் மட்டும் 'ஐஸ் மாஸ்டர்' என்பார்கள். இந்தப் பெயரைக் கேட்ட சிறுபிள்ளைகள் சிலர், கையில் காசுடன் அவர் வீட்டுப் படலையைத் தட்டிய சம்பவமும் உண்டு.

இந்த வித்தை அவருக்குச் சித்தித்த வரலாறு சுருக்கமானது. ஸ்காபரோவில் மகள் வீட்டில் மாரிகாலம். காலையில் எல்லாரும் வேலைக்கும் பள்ளிக்கும் போய்விட, வீட்டில் மிஞ்சியவை சூடாக்கும் இயந்திரத்தின் முனகலும் மாஸ்டரும். தொலைக்காட்சியில் இரவுதோறும் ஓடிய ஆட்டம் ஒன்றும் விளங்கவில்லை. கறுப்பு வட்டு எங்கே போகிறது என்று கண் தேடுவதற்குள் கோல் விழுந்து, விளக்கெரிந்து, சனம் எழுந்து கூத்தாடியது. மருமகன் விளக்கம் சொல்ல முயன்றார், அவருக்கும் தெரியவில்லை. வேறொருவராயின் பலகணியோரம் உட்கார்ந்து பனியைப் பார்த்துக்கொண்டிருப்பார். மாஸ்டரோ, கண்ணுக்கு விளங்காத விஷயம் காகிதத்தில் விளங்கும் என்னும் நம்பிக்கையிலே ஆயுளைக் கழித்தவராதலின், பேரனை அழைத்துக்கொண்டு நூல்நிலையத்துக்குப் போனார். தமிழ்ப் புத்தகங்கள் அடுக்கியிருந்த தட்டை ஏறெடுத்தும் பாராமல், ஹொக்கி நூல்கள் இருந்த தட்டின்முன் போய் நின்றார். நின்றவர் மாரி கழியும்வரை அந்தத் தட்டை விட்டு அகலவில்லை.

ஒரு தடவையாவது அரங்குக்குள் போய் ஆட்டம் பார்த்தாரா என்றால், இல்லை. ரிக்கற் விலையைக் கேட்டதும் அவருக்குத் தம் ஓய்வூதியம் ஞாபகம் வந்தது என்பது மகளின் வாக்குமூலம். நேரில் பார்ப்பது சித்தத்தைச் சலனப்படுத்தும் என்பது அவருடைய வாக்குமூலம். ஊருக்குத் திரும்பும்போது மற்றவர்கள் சொக்கிலேட்டும் வாசனைத் தைலமும் கொண்டுவர, இவர் விமானக்காரர் அனுமதித்த நிறை முழுவதையும் பழைய புத்தகக் கடையில் வாங்கிய ஹொக்கி நூல்களால் நிரப்பிக்கொண்டு வந்து இறங்கினார். பெட்டி திறந்த அன்று அயலட்டையில் எழுந்த ஏமாற்றம் இன்னும் ஆறவில்லை.

மாலை வேளைகளில் சனசமூக நிலையத்து வாசிகசாலையில் பிரசங்கம் நிகழும். கோயிலில் கந்தபுராணம் படிக்கும்போது ஒருவர் செய்யுளை வாசிக்க மற்றொருவர் பயன் சொல்லுவாரல்லவா, அந்த முறையிலேயே இதுவும் நடைபெறுகிறது; வாசிப்பவரும் பயன் சொல்பவரும் ஒருவரே என்பதுதான் வேற்றுமை. முதலில் உற்பத்தி காண்டம். 1875ஆம் ஆண்டு மார்ச் மாதம் 3ஆம் திகதி, மொன்றியல் நகரில், விக்ரோறியா சறுக்கு மண்டபத்தில், ஜேம்ஸ் கிறைற்றன் என்பவர் ஒழுங்குசெய்த ஆட்டமே கூரையின்கீழ் முறையாக நிகழ்ந்த முதலாட்டம் என்பதை, திகதி பிசகாமல், கிழமைக்கு ஒருமுறையேனும் கேட்கும் பாக்கியம் உடுப்பிட்டி வாலிபருக்கு உண்டு. அடுத்து, கனடாவின் தேசாதிபதியாயிருந்த ஸ்ரான்லி பிரபு 1892இல் வழங்கிய வெள்ளிக் கிண்ணம். அந்தக் கிண்ணத்துக்காக நடந்த ஓர் ஆட்டத்தையேனும் பார்க்காமல் அவர் அடுத்த ஆண்டே இங்கிலாந்துக்குத் திரும்பிவிட்டார். இந்த இடத்தில் மாஸ்டர் சற்று நிறுத்தி, கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, சபையை நோக்குவார். பார்க்காமலே ஒரு விளையாட்டில் அழியாப் புகழ் எய்தியவர் தாம் மட்டுமல்லர் என்பது அந்த மௌனத்தின் பொருள்.

உடுப்பிட்டிக்கும் பனிக்கட்டிக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பவருக்கும் அவரிடம் விடை தயார். 1816இல் யாழ்ப்பாணம் வந்து, பிற்காலத்தில் உடுப்பிட்டியிலும் பள்ளிக்கூடம் நிறுவிய அமெரிக்க மிஷனரிமாரின் தலைமைச் சங்கம் பொஸ்ரன் நகரிலிருந்தது. அதே பொஸ்ரனிலிருந்து பிரெடெரிக் ரியூடர் என்னும் வணிகர், உறைந்த குளங்களில் அறுத்த பனிக்கட்டியை மரத்தூளில் பொதிந்து 1833இல் கல்கத்தாவுக்கும் பின்னர் சென்னைக்கும் கப்பலேற்றினார். சென்னைக் கடற்கரையில் இப்போது விவேகானந்தர் இல்லம் எனப்படும் ஐஸ் ஹவுஸ் அதன் களஞ்சியமேயாம். "சென்னைக்கு ஐஸும் எங்களுக்கு வேதமும் வந்தது. மாறி இறங்கியிருந்தால் தம்பி, இண்டைக்கு ஊர் எங்கை நிண்டிருக்கும்!" என்பார். தர்க்கம் பலமானதன்று. ஆனால் மறுப்பதற்கு அமெரிக்க மிஷன் கல்லூரிப் பக்கமாகப் பார்த்துக்கொண்டே யோசிக்க வேண்டியிருக்கிறது.

வியூக காண்டம் நடைபெறுவது கரம் போட்டில். இருநூறடி நீளமும் எண்பத்தைந்தடி அகலமும் உள்ள பனித்தளத்துக்கு, பவுடர் தூவிய கரம் பலகையைக் காட்டிலும் பொருத்தமான பிரதிநிதி எங்கள் சீமையில் இல்லை என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். கறுப்பில் ஆறு, வெள்ளையில் ஆறு. ஒவ்வொரு பக்கத்திலும் ஒன்று கோல்காப்பாளர். சிவப்புத்தான் பக், அதாவது மூன்றங்குல விட்டமும் ஓரங்குலத் தடிப்புமுள்ள றப்பர் வட்டு. துள்ளாதிருக்கும் பொருட்டு ஆட்டத்துக்கு முன் அதை உறைய வைப்பார்கள். ஓர் ஆட்டக்காரன் குற்றமிழைத்தால் இரண்டு நிமிஷம் வெளியே உட்காரவேண்டும். அந்த இரண்டு நிமிஷமும் அவனுடைய அணி ஆள்குறைவோடு ஆடும். எதிரணிக்கு அது பவர் பிளே. இதை விளக்குவதற்காக மாஸ்டர் ஒரு வெள்ளைக் காயை எடுத்து மூலைக் குழிக்குள் போட்டார். கரம் ஆட வந்து ஒரு மணித்தியாலமாகக் காத்திருந்த வாலிபன் ஒருவனுக்கு அதற்குமேல் பொறுமை இருக்கவில்லை.

"மாஸ்டர், சிவப்பு நல்ல இடத்திலை நிக்குது. ஒருக்கா அடிக்கட்டே?"

"அடிக்கப்படாது! அது பக்."

"அப்ப அந்த வெள்ளைக் காய்?"

"அவன் தண்டனையிலை இருக்கிறான். இரண்டு நிமிஷத்துக்கு வரேலாது."

"அவன் உள்ளுக்கை இருக்கேக்கை சிவப்பையும் போட்டால் எங்களுக்குப் பொயின்ற்ஸ் எல்லோ மாஸ்டர்?" என்று கேட்டு, விடைக்குக் காத்திராமல் சுண்டினான். சிவப்பு போயிற்று. மாஸ்டர் கோபிக்கவில்லை. பவர் பிளேயில் கோல் விழுந்தால் சிறு தண்டனை அவ்வளவில் தீரும் என்று சொல்லி, வெள்ளைக் காயை எடுத்து மறுபடியும் பலகையில் வைத்தார்.

வீரர் பெருமை பேசும்போது அவருடைய பட்சபாதம் வெளிப்படையாகத் தெரியும். 1945இல் முடிந்த பருவத்தில் ஐம்பது ஆட்டங்களில் ஐம்பது கோல் அடித்த மொறிஸ் றிஷாரும், எண்ணற்ற சாதனைகளை ஆண்ட வெயின் கிறெற்ஸ்கியும் ஆளுக்கு ஒரு வாக்கியத்தோடு ஒதுக்கப்படுவார்கள். முகம் கிழிந்து தையல் போட்டபின், முகமூடி அணியாமல் திரும்பமாட்டேன் என்று 1959 நவம்பர் முதலாந் திகதி நியூயோர்க்கில் அடம்பிடித்த ஜாக் பிளான்ற் என்னும் கோல்காப்பாளருக்கு இரண்டு வாக்கியம். கென் டிரைடனுக்கோ ஒரு மாலை முழுவதும் போதாது. மொன்றியல் அணிக்காகக் கோல் காத்து ஆறு தடவை கிண்ணம் வென்றவர் என்பதற்காக அன்று. மக்கில் பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்து, 1973இல் புகழின் உச்சியில் ஒரு பருவம் முழுவதும் ஆட்டத்தை ஒதுக்கிவிட்டு ரொறன்ரோவில் சட்டத்தொழில் பயிற்சிக்குப் போனவர், 1983இல் 'த கேம்' என்னும் சிறந்த நூலை எழுதியவர், பிறகு பாராளுமன்றம் புகுந்து அமைச்சருமானவர் என்பதற்காக. விளையாட்டு சோறு போடுமா என்று கேட்டே தலைமுறைகளை வளர்த்த ஒரு சமூகத்துக்கு, சட்டத்தரணி ஒருவர் விளையாட்டுக்காரராகவும் இருந்தார் என்ற செய்தியில் கிடைக்கும் ஆறுதல் சொல்லுந்தரமன்று. பிள்ளையைத் தேடி வந்த தாயொருத்தி வாசற்படியில் நின்று இதைக் கேட்டுவிட்டு, "அவர் சட்டத்திலை விசேட சித்தியோ மாஸ்டர்?" என்று வினவினாள். அந்த விவரம் அவரிடமிருந்த புத்தகத்தில் இல்லை. மாஸ்டர் தலையை மட்டும் ஆட்டினார். அது எந்தப் பக்கமாக ஆடியது என்பதில் இன்றும் கருத்து வேறுபாடு உண்டு.

என்றோ ஒருநாள் எழவேண்டிய கேள்வி இறுதியில் எழுந்தது. வல்வெட்டித்துறைப் பக்கத்து உதைபந்தாட்டக்காரர் ஒருவர், "மாஸ்டர், நீங்கள் ஐஸிலை ஒருக்காவேனும் ஏறி நிண்டனீங்களோ?" என்றார். சபை மூச்சடக்கியது. மாஸ்டர் எழுந்து அலுமாரியைத் திறந்து, அட்டை கிழிந்த நூலொன்றை எடுத்து மேசையில் வைத்தார். லொயிட் பேர்சிவல் என்னும் ரொறன்ரோக்காரர் 1951இல் வெளியிட்ட 'த ஹொக்கி ஹான்ட்புக்'. அதைக் கனடாவின் தொழில்முறைப் பயிற்சியாளர்கள் பொருட்படுத்தவில்லை; எங்களுக்கா ஹொக்கி சொல்லித்தருகிறான் என்று இகழ்ந்தார்கள். மொஸ்கோவில் அனத்தொலி தாரசோவ் என்பவர் அதைக் கருத்தூன்றிக் கற்றார். அதனோடு சதுரங்கத்திலிருந்தும் பலே நடனத்திலிருந்தும் தமக்கு வேண்டியவற்றை எடுத்துக்கொண்டார். 1946இலேதான் முதலாவது தேசியப் போட்டியை நடத்திய சோவியத் நாடு, 1954இல் உலகப் போட்டிக்கு முதன்முறையாக ஸ்ரொக்ஹோம் வந்து, கனடாவை 7க்கு 2 என்று தோற்கடித்தது. தோற்ற அணி எது? ஈஸ்ற் யோர்க் லிண்ட்ஹேர்ஸ்ற்ஸ். மகள் இருக்கும் ஸ்காபரோவுக்கு அடுத்த பேட்டையார்! 1972 செப்டெம்பரில் கனடாவின் தொழில்முறை வீரர்களே திரண்டு வந்தபோதும், மொன்றியலில் நடந்த முதலாட்டத்தில் 7க்கு 3 என்று வாங்கிக் கட்டிக்கொண்டார்கள். அன்று கோல் காத்தவர் டிரைடன் என்பதை மாஸ்டர் தாழ்ந்த குரலில் சொன்னார். எட்டாவது ஆட்டம் முடிய 34 வினாடி இருக்கையில் போல் ஹென்டர்சன் அடித்த கோலினாலேதான் கனடா அந்தத் தொடரை வென்று மானம் பிழைத்தது.

பேர்சிவலின் நூலுக்கும் இந்த வெற்றிகளுக்கும் இடையே மாஸ்டர் கட்டும் காரணகாரியப் பாலம் சற்றே இறுக்கமானது. 1954இல் அணியை நடத்தியவர் தாரசோவ் அல்லர். 1972 செப்டெம்பரில் அவர் பொறுப்பில் இருக்கவில்லை. எனினும் உதைபந்தாட்டக்காரரிடம் புத்தகம் எதுவும் இருக்கவில்லை.

மாஸ்டரின் வியாக்கியான சக்திக்கு எல்லையில்லை என்பதற்கு வேறொரு சான்று போதும். 2013 நவம்பரில் பொதுநலவாய நாடுகளின் மகாநாடு கொழும்பில் கூடியபோது, கனடாப் பிரதமர் ஸ்ரிபன் ஹாப்பர், மனித உரிமை நிலையைக் காரணங்காட்டி வரமறுத்தது ஊரறிந்த விஷயம். தமிழர்கள் அதை நன்றியோடு நினைப்பவர்கள். அதே மாதத்தில், தொழில்முறை ஹொக்கி ரொறன்ரோவில் தோன்றிய வரலாறு குறித்து அந்தப் பிரதமர் எழுதிய நூலும் வெளிவந்தது. மனித உரிமையும் ஒரு காரணந்தான் என்று மாஸ்டர் பெருந்தன்மையோடு ஒப்புக்கொள்வார். ஆனால் புத்தகம் வெளியான மாதத்தில் எந்த எழுத்தாளன் ஊரைவிட்டு நகருவான் என்பது அவருடைய கேள்வி. ரொறன்ரோ அணி 1967க்குப் பிறகு ஸ்ரான்லி கிண்ணத்தைத் தொடவில்லையே என்று எவரேனும் குத்திக்காட்டினாலும் அவர் கலங்குவதில்லை. ஒவ்வொரு தீபாவளிக்கும் அடுத்த தீபாவளிக்குள் அரசியல் தீர்வு என்று கேட்டுப் பழகிய சபையில் அந்தக் கேள்விக்குப் பதிலும் தேவைப்படுவதில்லை.

அண்மைக்காலமாக அவரை வாட்டும் மனக்குறை ஒன்றுண்டு. கனடாவில் 2008இல் ஹொக்கி ஆட்டங்களுக்குப் பஞ்சாபி மொழியில் வர்ணனை ஒலிபரப்பாகத் தொடங்கியது. ஹர்நாராயண் சிங் என்னும் வர்ணனையாளர் 2016ஆம் ஆண்டு இறுதிப்போட்டியில் பொனினோ என்னும் ஆட்டக்காரரின் பெயரை அடுக்கடுக்காகக் கூவியது எல்லை கடந்து அமெரிக்காவிலும் பிரக்கியாதி பெற்றது. அவர் தம் சரிதையை நூலாகவும் எழுதிவிட்டார். தமிழுக்கு மட்டும் ஏன் இந்தப் புறக்கணிப்பு? ஒலிபரப்பாளருக்கு விண்ணப்பம் ஒன்று தயாராயிற்று. வர்ணனையாளர் பதவிக்குத் தாம் சம்மதிப்பதாக ஈற்றுப் பந்தியில் எழுதியிருந்தார்.

விண்ணப்பத்தைத் தபாலில் சேர்க்குமுன் ஒத்திகை பார்க்கவேண்டும் என்று வாலிபர்கள் வற்புறுத்தினார்கள். கைத்தொலைபேசியில் ஓர் ஆட்டம் ஓடவிடப்பட்டது. மாஸ்டர் தொண்டையைச் செருமிக்கொண்டு, "நீலக்கோட்டுக்கு இப்பாலிருந்து, தம்மைத் தொடர்ந்து வரும் எதிரணியினர் இருவரையும் இலாவகமாக விலக்கியவண்ணம், இடப்புறத்தே விரைந்துகொண்டிருக்கும் தம் சகாவின் மட்டைக்கு எட்டும்படியாக வட்டினை" என்று தொடங்கினார். வட்டு அதற்குள் இரண்டு தடவை கைமாறி, ஒரு கோல் விழுந்து, மத்தியில் மறுபடியும் ஆட்டம் தொடங்கி, ஒருவன் தண்டனைக் கூட்டுக்கும் போய்விட்டான். மாஸ்டர் இன்னும் பயனிலையை அடையவில்லை. இலக்கணப் பிழையோடு ஒரு வாக்கியத்தை இடைவழியில் கைவிடுவதும் அவர் சுபாவமன்று.

மறுநாள் பருத்தித்துறைத் தபாற்கந்தோருக்குப் போன விண்ணப்பத்தில் ஒரு பின்குறிப்பு புதிதாகச் சேர்ந்திருந்தது. தமிழ் வர்ணனையை நேரடியாக ஒலிபரப்பவேண்டிய அவசியமில்லை என்றும், ஆட்டம் முடிந்த மறுநாள் மாலை, மூன்று மணித்தியாலம் கூடுதலாக ஒதுக்கித் தந்தால் போதுமென்றும் கண்டிருந்தது.