மாமா பதில்கள்: இருபத்தொன்றுக்கு இந்தப் பக்கம்

ஆட்டோ ஓட்டுநர், வியாசர்பாடி: பையனுக்குப் பத்தொன்பது வயசு. செல்போன் திருட்டு கேஸ். நிரூபணம் ஆனால் ஜெயில்தானா?

சட்டம் நீதிபதியைத் திருப்பிக் கேட்கும்: ‘ஏன் ஜெயில்?’ 1958-ஆம் ஆண்டின் குற்றவாளிகள் நன்னடத்தைச் சட்டம், ஆறாம் பிரிவு. ஆயுள் தண்டனைக்கு இடமில்லாத குற்றமாக இருந்து, வயசு 21 நிரம்பாமல் இருந்தால், உள்ளே தள்ளுமுன் நன்னடத்தை அலுவலரின் அறிக்கையை வரவழைத்துப் படிக்க வேண்டும். தள்ளுவதற்குக் காரணமும் எழுத வேண்டும். உங்கள் வக்கீலிடம் ‘ஆறாம் பிரிவு’ என்று மெதுவாகச் சொல்லிப் பாருங்கள். ‘அப்படின்னா?’ என்றால் கேஸ் கட்டைத் திரும்ப வாங்கிவிடுங்கள்.

கல்லூரி மாணவி, திண்டுக்கல்: நன்னடத்தை என்று வெளியே விடுவது சும்மா விடுவதுதானே?

கயிறு கட்டி மேய விடுவது. கயிறு என்பது பிணைப் பத்திரம்; அதன் நீளம் அதிகபட்சம் மூன்று வருஷம். அறுத்துக்கொண்டு ஓடினால் பழைய குற்றத்துக்கே தண்டனை காத்திருக்கிறது. முதல் தடவை மீறலென்றால், நீதிமன்றம் மனசு வைத்தால், ஐம்பது ரூபாய்க்குள் அபராதம். 1958-இல் அது பயமுறுத்தும் தொகை. இன்றைக்கு ஒரு பொங்கல், வடை.

பெயர் வேண்டாம், கும்பகோணம்: சிறார் சட்டத்துக்கு 18, ஆறாம் பிரிவுக்கு 21 என்கிறார்கள். எந்தத் தேதியில் எண்ணுவது?

இங்கேதான் சூட்சுமம். சிறார் சட்டத்தின் 18, குற்றம் நடந்த அன்றைய வயசு. ஆறாம் பிரிவின் 21, விசாரணை நீதிமன்றம் தண்டனையை முடிவு செய்யும் நாளின் வயசு. அறுபதுகளிலேயே ராம்ஜி மிஸ்ஸர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதாவது 19 வயதில் மாட்டியவனின் வழக்கு மூன்று வருஷம் இழுத்தால் ஆறாம் பிரிவு கை நழுவிவிடும். அப்புறம் நான்காம் பிரிவைக் கெஞ்சிப் பார்க்கலாம். அது எந்த வயசுக்காரருக்கும் உண்டு, ஆனால் இவ்வளவு கெட்டியான தாழ்ப்பாள் இல்லை. ஒவ்வொரு வாய்தாவுக்கும் பையனுக்கு வயசு ஏறுகிறது, வக்கீலுக்கு ஃபீஸ் ஏறுகிறது.

ஓய்வு பெற்ற தலைமையாசிரியர், பாளையங்கோட்டை: இந்த நன்னடத்தை யோசனை முதலில் எந்த மேதைக்கு வந்தது?

மேதை இல்லை ஐயா, செருப்புத் தைப்பவர். அமெரிக்காவின் பாஸ்டன் நகரம், 1841. ஜான் அகஸ்டஸ் என்பவர் கோர்ட்டில் நின்ற ஒரு குடிகாரருக்கு ‘நான் பொறுப்பு’ என்று ஜாமீன் போட்டார். மூன்று வாரம் கழித்து ஆள் தெளிந்து, சலவைச் சட்டை போட்ட மாதிரி வந்து நின்றார். நீதிபதி போட்ட அபராதம் ஒரு சென்ட். அகஸ்டஸ் 1859-இல் சாகும்வரை ஏறத்தாழ இரண்டாயிரம் பேருக்கு இப்படிப் பொறுப்பேற்றார். அடி தேய்ந்தால் அடியை மாற்றுவார்கள், காலை வெட்டமாட்டார்கள் என்பது அவருக்குத் தொழில்முறையாகவே தெரிந்திருக்கும்.

அதே தலைமையாசிரியர் (விடமாட்டார்): நம் மாகாணத்தின் பங்கு?

இந்தியாவின் முதல் சிறார் சட்டமே மதராஸுடையது, 1920. நன்னடத்தைச் சட்டமும் 1936-லேயே இங்கே வந்துவிட்டது. டெல்லிக்கு விடிந்தது 1958-இல்.

பெருமைக்கார அப்பா, தாம்பரம்: என் பையன் பதினாறிலேயே பைக்கில் பறக்கிறான் மாமா!

நீங்களும் பறப்பீர்கள். மோட்டார் வாகனச் சட்டத்தின் 2019 திருத்தப்படி சிறார் ஓட்டிக் குற்றம் நடந்தால் பெற்றோர் அல்லது வண்டி உரிமையாளருக்கு மூன்று வருஷம் வரை சிறை, 25,000 ரூபாய் அபராதம். வண்டியின் பதிவு ஒரு வருஷத்துக்கு ரத்து. பையனுக்கு 25 வயசு வரை லைசென்ஸ் கிடையாது. அவனுக்காவது சிறாருக்கான கூர்நோக்கு இல்லம். அப்பாக்களுக்கு அங்கே இடமில்லை, புழல் ஜெயில்தான்.

ஐ.டி. ஊழியர், கோவை: புனேயில் இரண்டு பேரைக் காரால் கொன்ற 17 வயதுப் பையனுக்குத் தண்டனை ஒரு கட்டுரையாமே?

தண்டனை இல்லை தம்பி, ஜாமீன் நிபந்தனைகளில் ஒன்று. மே 2024. சாலை விபத்து பற்றி 300 சொல். ஊர் கொதித்ததும் சிறார் நீதிக் குழுமம் உத்தரவை மாற்றிக் கூர்நோக்கு இல்லத்துக்கு அனுப்பியது. ஜூனில் பம்பாய் உயர் நீதிமன்றம் வெளியே விட்டது. இந்தப் பத்திக்கு ஆசிரியர் என்னிடம் 600 சொல் கேட்கிறார். நான் யாரையும் இடிக்கவில்லை.

சட்ட மாணவர், மதுரை: பதினாறு வயதுக்காரனைப் பெரியவனாக விசாரிக்கலாமா?

2015 சிறார் நீதிச் சட்டப்படி, குறைந்தபட்சமே ஏழு வருஷம் சிறை என்கிற கொடுங்குற்றமானால், சிறார் நீதிக் குழுமம் அவன் மனமுதிர்ச்சியை எடை போட்டு, பெரியவனாக விசாரிக்க அனுப்பலாம். தூக்கு கிடையாது, வெளியே வர வழியே இல்லாத ஆயுளும் கிடையாது. ஓட்டுக்கு 18, மாப்பிள்ளைக் கோலத்துக்கு 21, குற்றத்துக்கு மட்டும் 16-லேயே முதிர்ச்சி! முதிர்ச்சியை அளக்கும் தராசு எந்தக் கடையில் விற்கிறது என்று மட்டும் யாரும் சொல்வதில்லை.

இல்லத்தரசி, விருத்தாசலம்: நன்னடத்தையில் விடுவதை நேரில் பார்த்ததுண்டா?

ஒரு தடவை. பையன் கூண்டுக் கம்பியை நகத்தால் சுரண்டிக்கொண்டே நின்றான். பெஞ்ச் கிளார்க் பிணைப் பத்திரத்தை நீட்ட, மூன்று இடத்தில் கையெழுத்துப் போட்டான், மூன்றும் மூன்று தினுசு. மடியில் தூக்குவாளியோடு ஓரமாக உட்கார்ந்திருந்த அம்மா எழுந்து முந்தானை முடிச்சை அவிழ்த்தார்.

“எவ்ளோ சார் கட்டணும்?”

“இப்போ ஒண்ணும் கட்ட வேணாம்மா. ரெண்டு வருஷம் பையன் ஒழுங்கா இருக்கணும், அவ்ளோதான்.”

அம்மா பையனை மேலும் கீழும் பார்த்தார். “காசே கட்டிடறேன் சார்!”