தோட்டத் தொழிலாளர்களின் இருபதாண்டு வழக்கு

கேள்வி: மாநகராட்சி வேலையிலிருந்து நீக்கப்பட்டவர் கோர்ட்டுக்குப் போனால் முதலில் வருவது வேலையா, ஓய்வு வயதா?

பதில்: காசியாபாத் மாநகராட்சியின் தோட்டக்கலைப் பிரிவில் 1998 முதல் உழைத்தவர்கள், முன்னறிவிப்போ இழப்பீடோ இன்றி 2005-இல் நீக்கப்பட்டு, தொழிலாளர் நீதிமன்றம், உயர் நீதிமன்றம் எனப் படியேறி, மீண்டும் பணியில் அமர்த்துமாறு உச்ச நீதிமன்றத்தில் உத்தரவு பெற்றது 2025 ஜனவரி 31 அன்றுதான், அவர்கள் நட்ட கன்று மரமாகி நிழல் தரப் போதுமான காலம் அது.

கேள்வி: வென்றவர்களுக்கு முழுச் சம்பளமா?

பதில்: பாதி. வேலை மறுக்கப்பட்ட காலத்துக்குரிய ஊதியமான பின்னூதியத்தில் 50 விழுக்காடு மட்டுமே வழங்கப்பட்டது. தவறாக நீக்கப்பட்டவருக்குப் பணியோடு பின்னூதியமும் அளிப்பதே பொதுவிதி என அதே நீதிமன்றம் 2013-இல் வகுத்திருக்க, மளிகைக் கடனில் காலந்தள்ளிய குடும்பங்களுக்கு இது குறைவே.

கேள்வி: 'ஒப்பந்ததாரரின் ஆட்கள்' என்று சொல்லிவிட்டால் மாநகராட்சி தப்பிவிடலாமே?

பதில்: ஒப்பந்தம் எங்கே? காசியாபாத் வழக்கிலும் அவ்வாறே வாதிடப்பட்டது. ஆனால் அதற்குச் சான்று காட்டப்படவில்லை என்பதோடு, தினக்கூலியரின் பெயரும் வேலைநாளும் குறிக்கப்படும் வருகைப் பதிவேட்டை மாநகராட்சி தாக்கல் செய்யாததையும் நீதிமன்றம் அதற்கு எதிராகவே எடுத்துக்கொண்டது. பூங்காவுக்குத் தண்ணீர் ஊற்றுவது ஆண்டு முழுவதும் நடக்கும் நிரந்தர வேலை என்பதும் தொழிலாளர் பக்கம் நின்றது. ஆகவே தினக்கூலியில் இருப்போர் ஊதியச் சீட்டையும் அடையாள அட்டையையும் வேலையில் இருக்கும்போதே நகலெடுத்து வைத்துக்கொள்ள வேண்டும்.