அழுகைப் பாட்டு, கட்டைவிரல் ஆட்டம்

சுரபாயா, இந்தோனேசியா

அன்புள்ள மாமாவுக்கு,

இந்த ஊர்க்காரர்களுக்குப் பொழுது எப்படிப் போகிறது என்று கேட்டிருந்தீர்கள். காதல் தோல்வியில் போகிறது. ஆனால் ஒருத்தரும் மூலையில் உட்கார்ந்து அழுவதில்லை. மேடைக்கு முன்னால் போய் அழுகைப் பாட்டுக்கு ஆடுகிறார்கள். அந்தப் பாட்டுக்குப் பேர் டங்டுட்.

கல்யாணம் என்றால் ஒரு கீபோர்டு, ஒரு பாடகி, ஆளுயர ஸ்பீக்கர்கள். கைவிட்டுப் போனவனை நினைத்துப் பாடகி உருக, மாப்பிள்ளையின் சித்தப்பாக்கள் கட்டைவிரலைத் தூக்கியபடி, முகத்தில் ஒரு சலனமும் இல்லாமல் இடுப்பை அசைப்பார்கள். நடுவில் ஒருவர் பத்தாயிரம் ரூப்பியா நோட்டை நீட்டுவார். பதறாதீர்கள், நம்ம காசுக்கு ஐம்பது ரூபாய்ச் சொச்சம்தான். பாடகி தாளம் தப்பாமல் அதை வாங்கிக்கொண்டு, கொடுத்தவர் பேரையும் பாட்டுக்குள் சொருகிவிடுவார்.

கேட்டால் பழைய இந்திப் பட வாசனை வரும். அந்தப் பாட்டுகளில் ஊறிய மலாய் இசைக்குழுக்களின் வாரிசுதான் இது. 1970களில் ரோமா இராமா இதில் எலெக்ட்ரிக் கிடாரைச் சேர்த்து 'டங்டுட் ராஜா' ஆனார். பாட்டிலேயே உபதேசமும் உண்டு. காரணமில்லாமல் ராத்திரி கண்விழிக்காதே என்கிற அவருடைய 'பெகாடாங்' பாட்டை ஜனங்கள் கண்விழித்துக் கேட்கிறார்கள். 1977 தேர்தலில் ஆளுங்கட்சியை எதிர்த்த பி.பி.பி. கட்சிக்கு அவர் பிரசாரம் செய்ய, அரசுத் தொலைக்காட்சி 11 ஆண்டுகள் அவரைத் திரையில் காட்டவில்லை.

2003இல் பாசுருவான் ஊர்ப் பாடகி இனுல் தாராதிஸ்தா இடுப்பைச் சுழற்றிய சுழற்றில் ராஜாவுக்கே கோபம் வந்தது. முன்னாள் அதிபர் அப்துர்ரஹ்மான் வாகித் இனுலுக்குப் பரிந்து பேசினார். ஓர் இடுப்புக்காக நாடே இரண்டு கட்சி!

சோலோ நகரத்துப் பாடகர் திதி கெம்போட்டின் ஜாவா மொழிச் சோகத்துக்கு விலாசமே உண்டு. சோலோ பாலாபான் ரயில் நிலையத்துக்கு ஒரு பிரிவுப் பாட்டு, அதே ஊர்ப் பேருந்து நிலையத்துக்கு இன்னொன்று. 2019 வாக்கில் இளவட்டங்கள் அவரைப் புதிதாகக் கண்டெடுத்து, உடைந்த நெஞ்சங்களின் காட்ஃபாதர் என்று பட்டம் கட்டினார்கள். 2020 மே மாதம் அவர் இறந்தபோதுதான் ஆடாமல் அழுதார்கள்.

உச்சக்கட்டம் 2022 ஆகஸ்ட் 17, சுதந்திர தினம். ஜகார்த்தா அதிபர் மாளிகையில் பன்யுவாங்கியைச் சேர்ந்த 12 வயதுச் சிறுவன், 'ஓஜோ திபாண்டிங்கே' பாடினான். என்னை அவனோடு ஒப்பிட்டுப் பேசாதே என்று காதலன் கெஞ்சும் பாட்டு. மந்திரிகள் எழுந்து ஆடினார்கள். இரண்டு தேர்தல்களில் அப்போதைய அதிபர் ஜோக்கோ விடோடோவிடம் தோற்று, பிறகு அவரிடமே பாதுகாப்பு மந்திரியான பிரபோவோவும் ஆடினார். ஒப்பிடாதே என்று கேட்க அவரைவிடப் பொருத்தமான ஆள் அங்கே யார்? 2024இல் அவரே அதிபராகிவிட்டார்.

வருவதானால் ஒரு எச்சரிக்கை. ஆகஸ்டில் கிழக்கு ஜாவா கிராமங்களில் ஊர்வலம் போகும். லாரி நிறைய ஸ்பீக்கரை அடுக்கி அலறவிடுவார்கள். பேர் 'சவுண்ட் ஹோரெக்'. ஜன்னல் கண்ணாடி அதிரும், நெஞ்சுக்கூடும் அதிரும். 2025 ஜூலையில் மாகாண உலமா சபை, எல்லை மீறினால் கூடாது என்று பத்வாவே போட்டது. எல்லை எது என்பதில்தான் தகராறு. உங்களுக்கு ஆகஸ்ட் சரிப்படும். அத்தைக்கு மட்டும் ஜனவரியில் டிக்கெட் போடுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் மருமகன்