வடகிழக்குத் தலைநகர்கள்: ஒரு மயக்க இலக்கணம்

இந்திய மாநிலங்களின் தலைநகர்களை உருப்போடும் கலை, தமிழ்நாட்டில் ஏழாம் வகுப்பு மாணவர் முதல் அரசுப் பணித் தேர்வுக்கு ஆயத்தமாகும் முப்பது வயதினர் வரை பலராலும் பயிலப்படுவது எனினும், தெற்கிலிருந்து வடக்கே செல்லச் செல்ல அது வலுவிழந்து, சிலிகுரிக்கு அருகே ஏறத்தாழ 22 கிலோமீட்டர் அகலமே கொண்ட நிலப்பட்டையை எட்டியதும் மூச்சு வாங்கி நின்றுவிடுகிறது. சென்னை, பெங்களூரு, திருவனந்தபுரம் ஆகியவற்றை எவரும் அமர்ந்து படிப்பதில்லை. பேருந்தின் பெயர்ப்பலகையும், காவிரி வழக்கும், ஓணம் விடுமுறையில் ஊருக்குப் போகும் பக்கத்து வீட்டாருமே அவற்றைக் கற்பித்துவிடுகின்றனர். ஐஸ்வாலுக்குச் செல்லும் பேருந்து தமிழ்நாட்டின் எந்தப் பேருந்து நிலையத்திலும் நிற்பதில்லை என்பதால், மிசோரத்தின் தலைநகரை அறிய வேண்டிய முழுப் பொறுப்பும் மாணவரின் நினைவாற்றல் ஒன்றின் மீதே விழுகிறது.

ஒரு வேற்றுமைக்குரிய உருபு மற்றொரு வேற்றுமையின் பொருளில் வந்து நிற்பதை இலக்கண நூலார் உருபு மயக்கம் என்பர். அதை அடியொற்றி, ஒரு மாநிலத்திற்குரிய தலைநகர் மற்றொரு மாநிலத்தின் விடையாக வந்து நிற்பதைத் தலைநகர் மயக்கம் எனலாம். இதன் தலையாய வகை அகர மயக்கம் ஆகும். அதாவது, அகரத்தில் தொடங்கும் அருணாச்சலப் பிரதேசத்துக்கு அகரத்தில் தொடங்கும் அகர்தலாவை மணமுடித்து வைத்துவிட்டு, உரிமையுள்ள திரிபுராவைத் தனியே நிற்கவிடுதல். அடுத்தது ஊர்ப்பெயரின் ஈற்றில் விளைவது: மணிப்பூர் என்பது மாநிலம், திஸ்பூர் என்பது தலைநகர், திமாப்பூர் என்பது இரண்டுமன்று, நாகாலாந்தில் ரயிலும் விமானமும் வந்து சேரும் பெரிய நகரம். விமானம் இறங்கும் ஊரே தலைநகராக இருக்கும் என்று இயல்பாக எண்ணுபவருக்கு, தலைநகரான கோஹிமா அங்கிருந்து மலைப்பாதையில் ஏறத்தாழ எழுபது கிலோமீட்டர் தள்ளியிருப்பது தேர்வு முடிவு வெளியான பின்னரே தெரியவருகிறது.

இவற்றையெல்லாம் சிறு தொல்லைகள் என்று தள்ளிவிடலாம்; பெருந்தொல்லை அசாம். ‘அசாமின் தலைநகர் எது?’ என்று கேட்டு, (அ) கவுகாத்தி, (ஆ) திஸ்பூர், (இ) ஷில்லாங், (ஈ) ஜோர்ஹாட் என நான்கு விடைகளைத் தரும் ஒரு வினாத்தாளைக் கற்பனை செய்துகொண்டால், அந்த நான்கில் எதையும் முழுப் பொய் என்று தள்ள வரலாறு இடம் தருவதில்லை. பண்டைய காமரூப நாட்டின் தலைநகராகச் சொல்லப்படும் பிராக்ஜோதிஷபுரம் இன்றைய கவுகாத்திப் பகுதியே என்பது பரவலான கருத்து. அகோம் அரசர்கள் பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் தங்கள் தலைநகரை ஜோர்ஹாட்டுக்கு மாற்றினர். ஆங்கிலேயர் 1874-ல் அசாமைத் தனி மாகாணமாக்கியபோது, வெயில் தாங்காத தங்கள் உடலமைப்புக்கு இசைவாக, மலைமேல் குளிர்ந்து கிடந்த ஷில்லாங்கைத் தலைமையிடமாகத் தேர்ந்தனர். திஸ்பூரோ கவுகாத்தி மாநகரின் ஒரு பகுதி. கவுகாத்தியில் இருந்துகொண்டே ஒருவர் நகரப் பேருந்தில் தலைநகருக்குப் போய் வரலாம். ஆனால் விடைக்குறிப்புக்கு வரலாறும் தெரியாது, பேருந்தும் தெரியாது; அதற்கு (ஆ) மட்டுமே தெரியும்.

இக்குழப்பத்தின் வேர் ஷில்லாங்கில் இருக்கிறது. ஒரு காலத்தில் நாகர் மலைகளும் மிசோ மலைகளும் அசாமின் மாவட்டங்களாக இருந்தன. அருணாச்சலப் பிரதேசம், வடகிழக்கு எல்லைப்புற முகமை என்ற பெயரில், ஷில்லாங்கிலிருந்தே நிர்வகிக்கப்பட்டது. அந்நாளைய மாணவருக்கு இப்பாடம் அநேகமாக ஒரே ஊரில் முடிந்துவிட்டது. பின்னர் 1963-ல் நாகாலாந்து பிரிந்தது. 1972 ஜனவரி 21-ல் மணிப்பூர், திரிபுரா, மேகாலயா ஆகிய மூன்றும் ஒரே நாளில் மாநிலங்களாயின. 1987-ல் மிசோரமும் அருணாச்சலமும் சேர்ந்தாற்போல் மாநிலத் தகுதி பெற்றன. ஷில்லாங்கை மேகாலயா வைத்துக்கொண்டது. வீட்டைப் பாகம் பிரித்தபின் பெரியவரே வாடகைக்கு இடம் தேடிப் போவதுபோல், அசாம் மலையிறங்கி வந்து திஸ்பூரில் அலுவலகம் அமைத்தது. இப்பிரிவினைகள் ஒவ்வொன்றுக்கும் நியாயமான அரசியல் காரணங்கள் உண்டு. மாணவரின் வசதி அவற்றுள் ஒன்றாக இருந்ததற்கான சான்று எதுவும் இல்லை.

நினைவுச் சூத்திரம், அதாவது ஒவ்வொரு பெயரின் முதல் எழுத்தையும் கோத்து அமைக்கும் சுருக்கத் தொடர், இந்நோய்க்கு மருந்தாகக் கருதப்படுகிறது. அசாமில் தொடங்கி அருணாச்சலம், மணிப்பூர், மேகாலயா, மிசோரம், நாகாலாந்து, திரிபுரா, சிக்கிம் என்ற வரிசையில் தலைநகர்களைக் கோத்தால் ‘தி-இ-இ-ஷி-ஐ-கோ-அ-கா’ என்றொரு தொடர் கிடைக்கிறது. இதை ஓதும் குரல் பக்கத்து அறைக்குக் கேட்டால் வீட்டார் கவலைப்படக்கூடும் என்பது ஒருபுறமிருக்க, இதிலுள்ள இரண்டு இகரங்களில் எது இட்டாநகர், எது இம்பால் என்பதற்கு மற்றொரு சூத்திரம் தேவைப்படுகிறது. தேர்வு முடிந்து பல ஆண்டுகள் கழித்தும் சூத்திரம் மறப்பதில்லை. அது எதற்கான சூத்திரம் என்பதே மறந்துபோகிறது.

ஊரைப் பற்றி ஏதேனும் ஒரு செய்தியை அறிந்து வைத்திருப்பவருக்கு இத்தகைய ஓதல் தேவைப்படாது. 1944-ல் ஜப்பானியப் படையும் பிரிட்டிஷ் இந்தியப் படையும் கோஹிமாவில் துணை ஆணையரின் பங்களாவை ஒட்டிய டென்னிஸ் மைதானத்தின் இரு புறமும் பதுங்கி, பந்து பறக்க வேண்டிய தூரத்தில் கையெறி குண்டுகளை வீசிக்கொண்டன. இன்று போர்க் கல்லறையாக இருக்கும் அவ்விடத்தில் மைதானத்தின் எல்லைக் கோடுகள் இன்னும் குறித்து வைக்கப்பட்டுள்ளன. இதைப் படித்தவர் கோஹிமாவை மேகாலயாவுக்கு எழுதிவைக்கமாட்டார். இம்பாலிலிருந்து ஏறத்தாழ 110 கிலோமீட்டர் தொலைவில், மியான்மர் எல்லையிலுள்ள மோரே என்ற ஊரில், பர்மாவிலிருந்து வெளியேறி வந்த தமிழர்கள் குடியேறி, கோயில் கட்டி, தமிழ்ச் சங்கமும் அமைத்தனர் என்பதை அறிந்த தமிழருக்கும் இம்பால் மறப்பதில்லை. எனினும் ஒரு மதிப்பெண்ணுக்காக இவ்வளவு படிப்பது கட்டுப்படியாகாது என்று பயிற்சி மையங்கள் கருதுகின்றன. அக்கணக்கைத் தவறென்று சொல்வதும் கடினம்.

ஏழு சகோதரிகள் என்று வழங்கப்பட்ட இக்குழுவுக்கு, 1975-ல் இந்தியாவுடன் இணைந்த சிக்கிம் 2002-ல் வடகிழக்கு மன்றத்தின் உறுப்பினராகி, சகோதரர் என்ற உறவு முறையோடு எட்டாவதாக வந்து சேர்ந்தது. காங்டாக் மட்டும் எவருடனும் மயங்காத ஓசை உடையதாதலால், இந்தத் தாமத வரவை மாணவர் உலகம் மன்னித்துவிட்டது.

இவையனைத்தையும் கடந்து, கவுகாத்தி என்று எழுதத் துடித்த கையை அடக்கித் திஸ்பூர் என்று குறித்துவிட்ட தேர்வர் அடுத்த வினாவுக்குச் செல்கிறார். அது அசாம், நாகாலாந்து, மிசோரம், அருணாச்சலப் பிரதேசம் ஆகிய நான்கு மாநிலங்களுக்கும் பொதுவான உயர் நீதிமன்றத்தின் தலைமையிடத்தைக் கேட்கிறது. விடை கவுகாத்தி. தேர்வரோ, சற்றுமுன் பெற்ற தெளிவு சிறிதும் குலையாத உறுதியோடு, திஸ்பூருக்கு நேரே உள்ள வட்டத்தை அழுத்தமாகக் கருமையாக்குகிறார்.