தேன் எடுப்பவரும் படம் எடுப்பவரும்

கேள்வி: கொடைக்கானல் மலையில், வடகவுஞ்சிப் பக்கம் தேன் எடுக்கும் பளியர் பழங்குடியினரைப் பற்றி ஆவணப்படம் எடுக்க ஆசை. எதிலிருந்து தொடங்கலாம்? (பழனி வாசகர்)

பதில்: முதல் சில தடவை கேமரா இல்லாமல் போவதிலிருந்து. அமெரிக்க மானிடவியலாளர் பீட்டர் கார்ட்னர் பளியர்களிடம் ஆய்வுக்கு வந்தது 1962-ல். அவர்களைப் பற்றிய அவருடைய விரிவான நூல் வெளியானது 2000-ல்! சண்டை என்று வந்தால் எதிர்த்து நிற்காமல் விலகிப் போய்விடுவது பளியர் பண்பு என்று எழுதியவரும் அவரே. அதட்டி வேலை வாங்கும் படக்குழுவுக்கு அங்கே ஆள் நிற்காது.

கேள்வி: பழைய முறைப்படி தேன் எடுக்கச் சொல்லிப் படமாக்கினால் என்ன? (கொடைக்கானல் வாசகர்)

பதில்: வேண்டாம். 1922-ல் வெளியான 'நானூக் ஆஃப் தி நார்த்' ஆவணப்படத்துக்காக ராபர்ட் ஃபிளாஹர்ட்டி அதைத்தான் செய்தார். அதில் வரும் பனிப்பிரதேச இன்யூட் மக்கள் அப்போதே துப்பாக்கியால் வேட்டையாடிக்கொண்டிருந்தார்கள். அவர்கள் கையில் ஈட்டியைக் கொடுத்தார். பனிவீட்டுக்குள் வெளிச்சம் போதாது என்று பாதி வீடு கட்ட வைத்தார். நாயகனின் உண்மைப் பெயர் நானூக்கும் இல்லை, அல்லாகரியல்லாக். படத்தின் அழகை நான் மறுக்கவில்லை. ஆனால் அந்த மனிதர் அன்று உண்மையில் எப்படி வாழ்ந்தார் என்பது நமக்குக் கிடைக்காமலே போனது.

பாறையில் நைலான் கயிறு கட்டி இறங்குகிறார்களா? நைலான் கயிற்றையே எடுங்கள். கொடியில் ஏணி பின்னிய காலத்தைப் பெரியவர்கள் உட்கார்ந்து சொல்லட்டும், அதுவும் ஆவணம்தான். தேன் எடுக்கும் தென்னிந்தியப் பழங்குடிகள் பலரிடம், மேலே கயிற்றைக் காப்பவன் மைத்துனனாக இருக்க வேண்டும் என்ற வழக்கம் உண்டு. கயிறு அறுந்தால் தாலி இழப்பவள் அவன் கூடப்பிறந்தவள் அல்லவா! கயிறு மாறிவிட்டது, காவல் இருப்பவரும் மாறிவிட்டாரா? அதைத் தேடிப் போங்கள், நல்ல படம் கிடைக்கும்.

கேள்வி: அவர்களே எடுத்துக்கொண்டால்? (பண்ணைக்காடு வாசகர்)

பதில்: அதுதான் சிறப்பு. இன்யூட் இயக்குநர் ஜக்கரியாஸ் குனுக் தம் மக்களின் மொழியிலேயே எடுத்த 'அட்டனர்ஜுவாட்' 2001-ல் கான் விழாவில் கேமரா டி'ஓர் விருது வாங்கியது. பளியர் பிள்ளைகளுக்கு நீங்கள் படத்தொகுப்பு சொல்லிக்கொடுத்தால், உங்கள் படத்தைவிட அது பெரிய வேலை.

கேள்வி: கொடைக்கானல் பற்றி அவசியம் பார்க்க வேண்டிய ஆவணப்படம்? (வத்தலக்குண்டு வாசகர்)

பதில்: மதுரை ஆர்.பி.அமுதனின் 'மெர்க்குரி இன் தி மிஸ்ட்'. 2001-ல் மூடப்பட்ட தெர்மாமீட்டர் ஆலையின் பாதரசம் தொழிலாளர்களை என்ன பாடுபடுத்தியது என்று சொல்லும் படம்.

கேள்வி: படம் எடுத்துவிட்டால் ஒரு வாழ்க்கைமுறை பிழைத்துவிடுமா? (மதுரை வாசகர்)

பதில்: பிழைக்காது. முதுமலையில் யானைக்குட்டி வளர்த்த பொம்மன், பெள்ளி தம்பதியை 'தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்' 2023-ல் ஆஸ்கர் மேடை வரை கொண்டுபோனது. எனக்கும் பிடித்த படம். ஆனாலும் காட்டில் வாழ்கிறவருக்கு விருதைவிடக் காட்டின் மீது உரிமை முக்கியம். தேன், கிழங்கு போன்ற சிறு வனப்பொருள்களைச் சேகரிக்கவும் விற்கவும் 2006 வன உரிமைச் சட்டம் உரிமை தருகிறது. 2013-ல் கொடைக்கானல் வனவிலங்குச் சரணாலயம் உருவானது. சரணாலயத்துக்குள்ளும் அந்தச் சட்டம் செல்லும். இதைச் சொல்லாமல் தேனடையை மட்டும் அழகாகக் காட்டும் படம் அரைகுறைப் படம்.

கேள்வி: பளியர் தவிர இந்த மலையில் வேறென்ன பதிவு செய்யலாம்? (ஒட்டன்சத்திரம் வாசகர்)

பதில்: மலைவாழை. பழனி பஞ்சாமிர்தத்துக்கு 2019-ல் புவிசார் குறியீடு கிடைத்ததே, அதன் உயிரே விருப்பாச்சிப் பழம்தான். முடிக்கொத்து நோய் அந்த வாழைத் தோட்டங்களைப் பெருமளவு அழித்துவிட்டது. நிழல்மரங்களுக்கு அடியில் காப்பி, மிளகோடு வாழையும் வைத்து வளர்த்த கதையைச் சொல்லக்கூடியவர்கள் வயதாகிக்கொண்டே போகிறார்கள். சீக்கிரம் போங்கள்.

கேள்வி: எடுத்து முடித்த படத்தை எந்த விழாவுக்கு முதலில் அனுப்பலாம்? (திண்டுக்கல் வாசகர்)

பதில்: விழா அப்புறம். எடுத்த ஊரில் ஒரு வேட்டியைத் திரையாகக் கட்டிப் படத்தை முதலில் அங்கே போடுங்கள். 'இதை எடுத்துவிடு' என்று அவர்கள் சொல்லும் காட்சியை எடுத்துவிடுங்கள். பெயர்களைத் திரையில் சரியாகப் போட்டு, ஒரு பிரதியை அவர்களிடமே கொடுத்துவிட்டு மலை இறங்குங்கள்.