அழிந்த பூமிகளுக்குப் பட்டா

1961-இல் டிசி காமிக்ஸ் தன் சாகச நாயகன் ஃபிளாஷை வேறொரு பூமியின் ஃபிளாஷோடு சந்திக்க வைத்தது. அதோடு விட்டார்களா? பூமிகள் பெருகின. எந்த சூப்பர்மேன் எந்த பூமிக்காரர் என்பதற்கே தனிப் பஞ்சாங்கம் தேவைப்பட்டது. 1985-இல் தொடங்கிய ‘கிரைசிஸ் ஆன் இன்ஃபினிட் எர்த்ஸ்’ தொடரில் அத்தனையையும் இடித்து ஒரே பிரபஞ்சமாக்கினார்கள். மறு ஆண்டே, இடித்த எழுத்தாளர் மார்வ் வுல்ஃப்மேனும் ஓவியர் ஜார்ஜ் பெரஸும் சேர்ந்து இரண்டு இதழ்களில் அந்தப் பிரபஞ்சத்தின் வரலாற்றையும் வெளியிட்டார்கள். இனிக் குழப்பமே இல்லையாம்.

1994-இல் காலக்கணக்கைத் திருத்தினார்கள். பிறகு பூமிகள் 52 ஆயின. 2011-இல் மறுபடியும் பிள்ளையார் சுழி. பேட்மேனின் பெற்றோர் மட்டும் ஏறக்குறைய எல்லாப் பதிப்பிலும் தவறாமல் சுடப்படுகிறார்கள். அதில் வரலாற்றாசிரியர்களுக்குள் பெரிய தகராறு இல்லை.