படத்துக்கு ஏற்ற ஏழைகள்

விளிம்புநிலை மக்களைப் படமெடுத்துப் பேர் வாங்க நினைக்கும் தம்பி தங்கைகளே, தஞ்சாவூர்ப் பக்கம் வாருங்கள். இவ்வளவு தோதான மண் வேறெங்கும் கிடைக்காது. மேட்டூர் திறந்து வாய்க்காலில் தண்ணீர் ஏறியதும் டிரோனை மேலே விடுங்கள்: கண்ணுக்கெட்டிய மட்டும் பச்சை. கீழே இறக்கினால் வரிசையாகக் குனிந்த முதுகுகள். ஒரு நாட்டுப்பாட்டைப் போட்டு அந்த முதுகுகளை ஆசை தீரக் காட்டுங்கள். அவை யார் வயலில் குனிந்திருக்கின்றன, பட்டா யார் பெயரில் இருக்கிறது என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள். கேட்டால் அது கலையாகாது, வில்லங்கமாகிவிடும்.

அப்புறம் ஒரு பாட்டி வேண்டும். சுருக்கம் விழுந்த முகம், திண்ணை, பக்கவாட்டில் விழும் வெயில். அவள் அழும்வரை கேமராவை நிறுத்தாதீர்கள். அழுகைக்குக் காரணமானவனின் வீடு அடுத்த தெருவில்தான் இருக்கும். அங்கே மட்டும் போக வேண்டாம். அங்கே வெளிச்சம் சரியிருக்காது.

இல்லை, பேரைச் சொல்லித்தான் எடுப்பேன் என்று அடம்பிடித்தால் கீழ்வெண்மணி இருக்கிறது. அங்கே விவசாயக் கூலிகள் கூலி நெல்லை உயர்த்திக் கேட்டார்கள், செங்கொடியை இறக்க மறுத்தார்கள். 1968 டிசம்பர் 25 இரவு, உயிர் தப்ப ஒரே குடிசைக்குள் ஓடி ஒளிந்தவர்களை உள்ளே வைத்தே கொளுத்தினார்கள் மிராசுதார் தரப்பினர். 44 பேர். பெரும்பாலும் பெண்களும் பிள்ளைகளும் முதியவர்களும். நெல் உற்பத்தியாளர் சங்கத் தலைவர் கோபாலகிருஷ்ண நாயுடுவுக்கும் இன்னும் சிலருக்கும் நாகப்பட்டினம் நீதிமன்றம் பத்தாண்டு சிறை கொடுத்தது. சென்னை உயர் நீதிமன்றம் விடுதலை செய்தது. காரணம் என்ன தெரியுமா? குற்றம் சாட்டப்பட்டவர்கள் நிலபுலம் உள்ள பணக்காரர்கள், முதல் எதிரியிடம் கார் இருக்கிறது. இப்படிப்பட்டவர்கள் வேலையாட்களை விட்டுவிட்டுத் தாங்களே நடந்துபோய்த் தீ வைத்திருப்பார்கள் என்று நம்ப முடியவில்லையாம். எந்தக் கொம்பனான வசனகர்த்தாவுக்கும் இப்படி ஒரு வசனம் கைவராது. கார் வைத்திருப்பவர் தீப்பெட்டியைத் தொடமாட்டார். ஆகவே குடிசை தானாகவே பற்றிக்கொண்டது, உள்ளே இருந்தவர்கள் தாங்களாகவே வெந்துகொண்டார்கள். நிரூபிக்கப்பட்டாயிற்று, கலையலாம்.

இந்தக் கதையைத்தான் பாரதி கிருஷ்ணகுமார் 'ராமையாவின் குடிசை' என்று ஆவணப்படமாக்கினார். அதற்குள் முப்பத்தைந்து வருஷத்துக்கு மேல் ஓடிவிட்டது. சர்க்காரிடம் கேமரா இல்லையா, நிதி இல்லையா? எல்லாம் இருந்தது. அணை திறப்புக்கும் அமைச்சர் வருகைக்கும் தேவைப்பட்டது, அவ்வளவுதான்.

செத்தவர்களைப் பற்றி எடுத்தால் இந்தத் தாமதத்தோடு போயிற்று. செத்துக்கொண்டிருப்பவர்களைப் பற்றி எடுத்தால் கதையே வேறு. திவ்யபாரதி 2017-இல் 'கக்கூஸ்' எடுத்தார். கையால் மலம் அள்ளுவதை 2013-ஆம் ஆண்டுச் சட்டம் தடை செய்திருக்கிறது; போலீஸ் தடுத்ததோ படத்தை. பல ஊர்களில் திரையிட அனுமதி இல்லை. அந்த ஜூலையிலேயே அவரைக் கைது செய்தார்கள், 2009-இல் மாணவியாக இருந்தபோது நடத்திய போராட்ட வழக்கில். எட்டு வருஷத்துக் காகிதத்தைத் தூசு தட்டி எடுக்கத் தெரிந்த காவல்துறைதான் இந்த மாநிலத்தின் தலைசிறந்த ஆவணக் கலைஞன். மலக்குழியில் இறங்கிச் செத்தவனை இறக்கிவிட்ட ஒப்பந்தக்காரனைத் தேடும்போது மட்டும் அந்தக் கலைஞனுக்குக் கண் மங்கிவிடும்.

ஆகவே முதல் வழியே மேல். பச்சை, முதுகு, பாட்டி. திரைவிழாவில் விளக்கு எரிந்ததும் கைதட்டுவார்கள், சிலர் கண்ணைத் துடைப்பார்கள், ஒருவர் இசையைப் பாராட்டுவார். யாராவது விவரங்கெட்டவர் எழுந்து, உங்களுக்காக நடவை விட்டு நாள் முழுக்கத் திண்ணையில் உட்கார்ந்தாளே, அந்த அம்மாவுக்கு அன்றைய கூலியைக் கொடுத்தீர்களா என்று கேட்கலாம். கலைக்குக் கூலி பேசக்கூடாது என்று முகம் சுளித்துவிடுங்கள். கூலி பேசினால் வெண்மணி மிராசுதார்களுக்கும் இப்படித்தான் முகம் சுளித்தது.